சிலேத்தார் விமான நிலையம்: ஓடுபாதை இங்கே, இறங்கும் வழி எல்லைக்கு அப்பால்

மாலை நேரத்தில் ஈசூன் அணைக்கட்டுப் பக்கம் சைக்கிளில் போயிருக்கிறீர்களா? மீன் பிடிப்பவர்கள் தூண்டிலைப் போட்டுவிட்டுக் காத்திருப்பார்கள். தலைக்கு மேலே சின்ன விமானம் ஒன்று சுற்றிச் சுற்றி வரும். சற்று நேரம் கழித்து ஒரு தனியார் ஜெட், சத்தமே பெரிதாக இல்லாமல், மரங்களுக்குப் பின்னால் இறங்கிவிடும்.

அதுதான் சிலேத்தார் விமான நிலையம். சிங்கப்பூர் என்றதும் எல்லாருக்கும் சாங்கிதான் ஞாபகம் வரும். ஆனால் பொதுப் பயணிகளுக்கான விமானங்கள் இந்தத் தீவில் முதன்முதலில் வந்து இறங்கிய இடம் சிலேத்தார்.

சிறிய விமான நிலையம்தான். ஒரே ஒரு ஓடுபாதை, 1,836 மீட்டர். சாங்கியின் 4 கிலோமீட்டர் ஓடுபாதையில் பாதிகூட இல்லை. இருந்தும் 2018 கடைசியில் இந்தக் குட்டி நிலையம் சிங்கப்பூர், மலேசியா இரண்டு நாட்டு அமைச்சர்களையும் மேசைக்கு இழுத்து வந்தது. காரணத்தைப் புரிந்துகொள்ள வரைபடத்தை ஒரு தடவை பார்த்தால் போதும். ஓடுபாதை சிங்கப்பூரில் இருக்கிறது. ஆனால் வடக்கிலிருந்து இறங்கும் விமானம் கடைசிச் சில நிமிடங்களை ஜொகூருக்கு மேலேதான் கடக்க வேண்டும்.

பெயர் எங்கிருந்து வந்தது?

ஓராங் சிலேத்தார். ஜொகூர் நீரிணையிலும் சிலேத்தார் ஆற்று முகத்துவாரத்திலும் படகுகளிலேயே குடும்பம் நடத்திய கடல்வாழ் மக்கள். இந்தப் பக்கம் ஒரு நாடு, அந்தப் பக்கம் ஒரு நாடு என்ற கணக்கெல்லாம் வருவதற்கு முன்பே சதுப்புநிலக் காடுகளுக்கு இடையே இரண்டு கரைகளுக்கும் போய்வந்தவர்கள். இன்று அவர்களின் வழிவந்தவர்கள் பெரும்பாலும் ஜொகூரின் தென்கரைக் கிராமங்களில் இருக்கிறார்கள். மக்கள் அந்தக் கரையில், அவர்களின் பெயர் இந்தக் கரையில்.

சாங்கிக்கு முன்னால், காலாங்குக்கும் முன்னால்

1920களில் பிரிட்டன் சிங்கப்பூரில் பெரிய கடற்படைத் தளம் கட்ட முடிவு செய்தது. அதற்குத் துணையாக விமானத் தளமும் தேவைப்பட்டது. அந்தக் காலத்து நீண்டதூர ராணுவ விமானங்கள் பல, தண்ணீரில் இறங்கும் பறக்கும் படகுகள். அவற்றுக்கு அலையில்லாத, ஒதுக்கமான நீர்ப்பரப்பு வேண்டும். ஜொகூர் நீரிணை அதற்கு அளவெடுத்துத் தைத்த மாதிரி இருந்தது. சதுப்பையும் ரப்பர் மரங்களையும் அகற்றி, சிலேத்தாரில் தளம் உருவானது.

1928 பிப்ரவரியில், இங்கிலாந்திலிருந்து கிளம்பிய 4 ‘சவுத்தாம்டன்’ பறக்கும் படகுகள் இங்கே வந்து சேர்ந்தன. அந்தத் தொகுதிதான் அடுத்த ஆண்டு 205ஆம் படையணியாக மாறியது. சிலேத்தாரோடு நீண்ட காலம் சேர்த்துப் பேசப்பட்ட பெயர் அது.

சிங்கப்பூரில் அப்போது பொது விமான நிலையம் கிடையாது. அதனால் 1930 முதல் ராணுவத் தளத்திலேயே பயணி விமானங்களுக்கும் இடம் கொடுத்தார்கள். அந்த ஆண்டு டச்சு நிறுவனம் ஒன்று பத்தாவியாவுக்கு, அதாவது இன்றைய ஜக்கார்த்தாவுக்கு, சேவை தொடங்கியது. 1933 இறுதியில் லண்டனிலிருந்து வந்த இம்பீரியல் ஏர்வேஸ் வழித்தடம் சிங்கப்பூரைத் தொட்டது. மறு ஆண்டு அது ஆஸ்திரேலியா வரை நீண்டது.

1930 மே மாதம் வந்து இறங்கியவர்களில் ஒருவரைத் தனியாகச் சொல்லியாக வேண்டும். ஏமி ஜான்சன், வயது 26. ஒற்றை எந்திரம் கொண்ட திறந்த விமானத்தில், தன்னந்தனியாக, இங்கிலாந்திலிருந்து ஆஸ்திரேலியாவுக்குப் போய்க்கொண்டிருந்தார். விமானத்தைப் பழுதுபார்க்கவும் உரிமம் வைத்திருந்தவர். சிலேத்தாரில் நின்று, பிறகு கிளம்பி, அதே மாதம் 24ஆம் தேதி டார்வினை அடைந்தார். அந்தப் பயணத்தைத் தனியாக முடித்த முதல் பெண் அவர்.

1937 ஜூன் 12ஆம் தேதி காலாங் விமான நிலையம் திறந்தது. பயணி விமானங்கள் அங்கே போயின. பிறகு 1955இல் பாய லேபார், 1981இல் சாங்கி. சிலேத்தார் மறுபடி ராணுவத்துக்கு மட்டும் என்றானது.

ஜாலான் காயுவும் பராட்டாவும்

கொஞ்சம் விலகிப் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். தளத்துக்குப் போகும் சாலையின் பெயர் ஜாலான் காயு. மலாயில் ‘காயு’ என்றால் மரம், கட்டை. தளக் கட்டுமானத்தில் பங்கெடுத்த ‘வுட்’ என்ற ஆங்கிலேயப் பொறியாளரின் பெயரை அப்படியே மலாய்க்கு மாற்றி வைத்ததுதான் இது என்று பரவலாகச் சொல்வார்கள். அதே சாலையில் வளர்ந்த பராட்டாக் கடைகளைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. நம் வீடுகளில் ‘ஜாலான் காயு போகலாமா?’ என்று யாராவது கேட்டால், அவர்கள் விமான நிலையத்தைப் பற்றிப் பேசவில்லை.

தளத்துக்குள் இருந்த சாலைகளுக்கு அதிகாரிகள் லண்டன் தெருப் பெயர்களை வைத்தார்கள். பிக்கடில்லி, பார்க் லேன், பேக்கர் ஸ்திரீட். இன்றும் அந்தப் பக்கம் போனால் சில பெயர்ப் பலகைகளைப் பார்க்கலாம். பழைய பங்களாக்கள் சில உணவகங்களாகிவிட்டன.

போர்: அதே நீரிணை, அதே வானம்

1941 டிசம்பர் 8, அதிகாலை 4 மணிக்குச் சற்று மேல். ஜப்பானியக் குண்டுவீச்சு விமானங்கள் முதல்முறை சிங்கப்பூரைத் தாக்கின. அவற்றின் குறி சிலேத்தார், தெங்கா விமானத் தளங்கள். குண்டுகள் நகரின் நடுவிலும் விழுந்தன. அன்று 61 பேர் இறந்தார்கள், 700க்கும் அதிகமானோர் காயமடைந்தார்கள். நகர விளக்குகள் அப்போது எரிந்துகொண்டுதான் இருந்தன.

சிலேத்தாரை மையமாகக் கொண்ட 36, 100 படையணிகளிடம் இருந்தவை ‘வில்டபீஸ்ட்’ என்ற பழைய இரட்டை இறக்கை விமானங்கள். அவற்றின் உச்ச வேகம் மணிக்கு 250 கிலோமீட்டரை ஒட்டித்தான். எதிரே வந்த ஜப்பானியப் போர் விமானங்கள் அதைப்போல் ஏறக்குறைய இரண்டு மடங்கு வேகம். 1942 ஜனவரி 26ஆம் தேதி, ஜொகூரின் எண்டாவ் கரையில் இறங்கிக்கொண்டிருந்த ஜப்பானியப் படையைத் தாக்க, பட்டப்பகலில் இந்த விமானங்களை அனுப்பினார்கள். பல திரும்பவே இல்லை. மூன்று வாரத்துக்குள் சிங்கப்பூர் விழுந்தது.

போருக்குப் பிறகு பிரிட்டிஷ் விமானப்படை திரும்பி வந்தது. மலாயா அவசரகாலம் தொடங்கியதும் சிலேத்தார் மறுபடி சுறுசுறுப்பானது. உளவுப் படம் எடுக்கும் ‘ஸ்பிட்ஃபயர்’ விமானம் ஒன்று 1954 ஏப்ரல் 1ஆம் தேதி இங்கிருந்து புறப்பட்டு ஜொகூர்க் காடுகளைப் படம் பிடித்துவிட்டுத் திரும்பியது. உலகப் புகழ்பெற்ற அந்த ரக விமானம் பிரிட்டிஷ் விமானப்படைக்காகப் பறந்த கடைசி நடவடிக்கை அதுதான். அந்தப் படையின் ‘சன்டர்லேண்ட்’ பறக்கும் படகுகளுக்கும் கடைசி வீடு சிலேத்தார். 1959 மே மாதம் அவையும் ஓய்ந்தன.

இதில் நீங்கள் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. அந்த நாளில் ஒரு விமானி சிலேத்தாரில் கிளம்பி ஜொகூருக்கு மேலே பறக்க யாரிடமும் அனுமதி கேட்கத் தேவைப்படவில்லை. இரு கரைகளிலும் பிரிட்டிஷ் அதிகாரம். 1965க்குப் பிறகு அதே பாதை இரண்டு இறையாண்மை நாடுகளுக்கு நடுவில் வந்துவிட்டது.

ஆங்கிலேயர் போன பிறகு என்ன ஆச்சு?

1968 ஜனவரியில் பிரிட்டன் தன் படைகளை 1971 முடிவுக்குள் மீட்டுக்கொள்வதாக அறிவித்தது. பிரிட்டிஷ் தளங்கள் அப்போது சிங்கப்பூர்ப் பொருளியலில் கிட்டத்தட்ட ஐந்தில் ஒரு பங்கு. சலவைத் தொழிலாளி முதல் எந்திர வல்லுநர் வரை ஆயிரக்கணக்கானோரின் பிழைப்பு அதை நம்பி இருந்தது. சிலேத்தாரிலும் பிரிட்டிஷ் விமானப்படை கடையைக் கட்டியது. 1969இல், புதிதாகத் தொடங்கிய சிங்கப்பூர் ஆகாயப்படையின் பயிற்சிப் பள்ளி, சின்ன ‘செஸ்னா’ விமானங்களோடு அங்கே குடிவந்தது.

அதற்கப்புறம் சிலேத்தார் பல வேலை பார்க்கும் இடமாக மாறியது. தனியார் ஜெட்டுகள், வாடகை விமானங்கள், விமானப் பயிற்சி, அக்கம்பக்கத்து நாடுகளிலிருந்து நோயாளிகளை ஏற்றி வரும் மருத்துவ விமானங்கள். பெர்ஜாயா ஏர் விமானத்தில் இங்கிருந்து தியோமான், ரெடாங் தீவுகளுக்கு விடுமுறைக்குப் போனவர்களும் உண்டு. 2010இல் அந்தச் சேவை சாங்கிக்கு மாறியது.

உங்களில் பள்ளி, கல்லூரி மாணவர்கள் இருந்தால் இது உங்களுக்கு: 1971இல் தொடங்கிய சிங்கப்பூர் இளையர் விமானப் பயிற்சி மன்றம் இங்கேதான் இயங்குகிறது. கார் ஓட்டும் உரிமம் எடுக்கும் முன்பே தனியார் விமானி உரிமம் வாங்கிய பதின்ம வயதினர் இங்கே புதிதல்ல. அணைக்கட்டுக்கு மேல் சுற்றும் சின்ன விமானத்தில் இருப்பது உங்கள் வகுப்புத் தோழராகக்கூட இருக்கலாம்.

விமான நிலையத்தைச் சுற்றி சுமார் 320 ஹெக்டரில் சிலேத்தார் விண்வெளித் தொழிற்பேட்டை இருக்கிறது. பெயரில் விண்வெளி இருந்தாலும் அங்கே நடப்பது விமான வேலை. 2012இல் ரோல்ஸ்-ராய்ஸ் இங்கே வளாகம் திறந்து, பெரிய பயணி விமானங்களுக்கான ‘டிரெண்ட்’ எந்திரங்களைப் பொருத்தத் தொடங்கியது. எந்திரத்தின் முகப்பில் சுழலும் டைட்டேனிய விசிறி இதழ்களையும் இங்கே செய்தார்கள். 2016இல் ஏர்பஸ்சும் சிங்கப்பூர் ஏர்லைன்ஸும் சேர்ந்து நடத்தும் விமானிப் பயிற்சி நிலையம் இங்கே முறைப்படி திறக்கப்பட்டது. சிலேத்தாரைப் பயணிகள் எண்ணிக்கையை மட்டும் வைத்து எடைபோட முடியாது என்று நான் சொல்வது இதனால்தான். இங்கே வேலை செய்பவர்களில் பெரும்பாலோர் விமானம் ஏற வருவதில்லை.

புதிய முனையம் எதற்கு?

இரண்டு எந்திரத்தோடு விசிறி சுழலும் டர்போபுரோப் விமானங்களைப் பார்த்திருப்பீர்கள். ஃபயர்ஃபிளை ஓட்டும் ஏடிஆர் 72 அப்படிப்பட்டது. 70 பேருக்குச் சற்று மேல் உட்காரலாம். சாங்கியில் பெரிய ஜெட்டுகளுக்கு நடுவே இது வந்தால் ஒரு சிக்கல். வேகம் குறைவு. அதனால் முன்னும் பின்னும் கூடுதல் இடைவெளி விட வேண்டும். 300 பேரை ஏற்றிய விமானம் பயன்படுத்தியிருக்கக்கூடிய நேரத்தை 70 பேர் விமானம் எடுத்துக்கொள்கிறது. விரைவுச்சாலையின் வலது தடத்தில் மெதுவாகப் போகும் வேன் மாதிரி. ஏடிஆருக்கு நீளமான ஓடுபாதையும் தேவையில்லை. சுமார் 1,300 மீட்டர் இருந்தாலே கிளம்பிவிடும்.

ஆக, டர்போபுரோப் சேவையைச் சிலேத்தாருக்கு மாற்ற முடிவானது. 80 மில்லியன் வெள்ளி செலவில் இரண்டு மாடி முனையம் கட்டி, 2018 நவம்பர் 19ஆம் தேதி திறந்தார்கள். பரப்பு சுமார் 10,000 சதுர மீட்டர், பழைய முனையத்தைப்போல் 6 மடங்கு. ஆண்டுக்கு 700,000 பேரைக் கையாள முடியும். வழக்கமான சேவைப் பயணிகளுக்கு ஒரு பகுதி, தனியார் ஜெட் பயணிகளுக்கு இன்னொரு பகுதி.

ஃபயர்ஃபிளை டிசம்பர் 1ஆம் தேதி சாங்கியிலிருந்து இங்கே மாற வேண்டும். ஆனால் மாறவில்லை. மலேசிய அதிகாரிகளின் ஒப்புதல் கிடைக்காததால் அது சிங்கப்பூர்ச் சேவையை முழுவதும் நிறுத்திவைத்தது. முனையம் திறந்து 12 நாள்தான் ஆகியிருந்தது.

சரி, ஐஎல்எஸ் என்றால் என்ன?

அப்போது செய்தியறையில் எங்களுக்குப் பெரிய தலைவலி இந்த மூன்றெழுத்துதான். ‘கருவிவழித் தரையிறங்கும் முறை’ என்று எழுதுவோம். சரியான தமிழ்தான், ஆனால் கேட்பவருக்கு ஒன்றும் விளங்காது. அதனால் விளக்கமாகவே சொல்லிவிடுகிறேன்.

ஓடுபாதை அருகில் தரையிலிருந்து இரண்டு வானொலிக் கற்றைகளை அனுப்புவார்கள். ஒன்று, விமானம் ஓடுபாதையின் நேர்க்கோட்டில் இருக்கிறதா, இடமோ வலமோ விலகியிருக்கிறதா என்று காட்டும். மற்றொன்று, சரியான உயரத்தில் இறங்குகிறதா என்று காட்டும். மழையோ புகைமூட்டமோ கண்ணை மறைத்தாலும் விமானி அந்தக் கற்றைகளைப் பிடித்துக்கொண்டு இறங்கலாம். அதற்கு முன் சிலேத்தாரில் விமானிகள் பெரும்பாலும் கண்ணால் பார்த்துத்தான் இறங்கினார்கள்.

இறங்கும் சரிவு பொதுவாக 3 டிகிரி. இங்கேதான் கணக்கு முக்கியம். 3 டிகிரியில் இறங்கும் விமானம், ஓடுபாதை முனைக்கு 5 கிலோமீட்டர் முன்னால் சுமார் 270 மீட்டர் உயரத்தில் இருக்கும். 2 கிலோமீட்டர் முன்னால் 120 மீட்டர் அளவில்தான்.

இப்போது ஓடுபாதையின் திசையைப் பாருங்கள். ஓடுபாதை எண்கள் திசைகாட்டியின் டிகிரியிலிருந்து வருபவை, கடைசிப் பூஜ்யத்தை விட்டுவிடுவார்கள். சிலேத்தாரின் எண்கள் 03, 21. ‘21’இல் இறங்குவது என்றால் 210 டிகிரி, அதாவது தென்மேற்கை நோக்கி. அப்படியென்றால் வடகிழக்கிலிருந்து வர வேண்டும். வடகிழக்கே என்ன இருக்கிறது? குறுகலான நீரிணை, அதைத் தாண்டியதும் ஜொகூரின் பாசிர் கூடாங். துறைமுகம், பளுதூக்கிகள், தொழிற்சாலைப் புகைபோக்கிகள்.

இரண்டு தரப்பும் சொன்னது

மலேசியாவின் வாதம் இது: இந்த முறை நடப்புக்கு வந்தால் பாசிர் கூடாங்கில் கட்டடங்களின் உயரத்துக்குக் கட்டுப்பாடு வரும், துறைமுக வேலையும் பாதிக்கப்படும். சிங்கப்பூரின் வாதம்: புதிய முறை ஏற்கனவே இருந்த பறக்கும் பாதையை ஒட்டியதுதான், அங்கே கூடுதல் பாதிப்பு இல்லை, பயணிகளின் பாதுகாப்புக்காகவே இதைச் செய்கிறோம்.

2018 டிசம்பர் 4ஆம் தேதி மலேசியப் போக்குவரத்து அமைச்சர் அந்தோணி லோக், தென் ஜொகூர் வான்வெளியின் நிர்வாகத்தையே திரும்ப எடுத்துக்கொள்ள விரும்புவதாக நாடாளுமன்றத்தில் சொன்னார். விவகாரம் சட்டென்று பெரிதானது. அடுத்த சில வாரத்தில் பாசிர் கூடாங்குக்கு மேல் 2,000 அடி முதல் 5,000 அடி வரை நிரந்தரக் கட்டுப்பாட்டுப் பகுதி என்று மலேசியா அறிவித்தது. அது 2019 ஜனவரி 2ஆம் தேதி நடப்புக்கு வந்தது. சிங்கப்பூரின் ஐஎல்எஸ் தொடங்கவிருந்தது மறுநாள்.

ஜனவரி 8ஆம் தேதி வெளியுறவு அமைச்சர்கள் விவியன் பாலகிருஷ்ணனும் சைஃபுடின் அப்துல்லாவும் சிங்கப்பூரில் சந்தித்தார்கள். நீங்கள் அதை நிறுத்திவையுங்கள், நாங்கள் இதை நிறுத்திவைக்கிறோம் என்று உடன்பாடு. ஏப்ரல் 6ஆம் தேதி முடிவு வந்தது. சிங்கப்பூர் ஐஎல்எஸ் முறையை மீட்டுக்கொண்டது. மலேசியா கட்டுப்பாட்டுப் பகுதியைக் காலவரையின்றி நிறுத்திவைத்தது. பதிலாக, துணைக்கோளத்தின் துணையோடு இறங்கும் ஜிபிஎஸ் முறையை இரு தரப்பும் ஒப்புக்கொண்டன. தரையிலிருந்து கற்றை அனுப்பத் தேவையில்லாத முறை அது.

ஏப்ரல் 22ஆம் தேதி சுபாங்கிலிருந்து ஃபயர்ஃபிளை சிலேத்தாரில் இறங்கியது. புதிய முனையம் தன் முதல் வழக்கமான பயணிகளுக்காக ஐந்து மாதம் காத்திருந்தது.

யாருடைய வானம்?

சமூக ஊடகத்தில் அப்போது நிறையக் குழப்பம். ‘ஜொகூர் வானம் சிங்கப்பூருக்குச் சொந்தமா?’ என்று கேட்டார்கள். இல்லை. ஒரு நாட்டின் நிலத்துக்கு மேலே உள்ள வான்வெளி அந்த நாட்டுக்குத்தான். அதில் விவாதமே கிடையாது. ஆனால் விமானங்கள் ஒன்றோடொன்று மோதாமல் வழிநடத்தும் வேலையை, வசதிக்காகவும் பாதுகாப்புக்காகவும், பக்கத்து நாட்டிடம் ஒப்படைக்கலாம். உலகில் பல இடங்களில் அப்படித்தான். தென் ஜொகூருக்கு மேலே அந்த வேலையைச் சிங்கப்பூர் செய்வது 1974ஆம் ஆண்டு உடன்பாட்டின்படி. வீடு ஒருவருடையது, போக்குவரத்தைப் பார்த்துக்கொள்பவர் இன்னொருவர்.

2018இல் கோபம் இரு பக்கமும் நியாயமாகத் தெரிந்ததற்குக் காரணம் இந்த வித்தியாசம்தான் என்பது என் எண்ணம். ஒரு பக்கம் சொந்த ஊரில் எவ்வளவு உயரம் கட்டலாம் என்ற கேள்வி. மறுபக்கம் சொந்த ஓடுபாதையில் பத்திரமாக இறங்குவது எப்படி என்ற கேள்வி. இவ்வளவு நெருக்கமான இடத்தில் ஒன்றைத் தொடாமல் மற்றதைத் தீர்க்க முடியவில்லை.

கொவிட் காலத்தில் சேவை நின்றது. 2022 ஜூனில் சுபாங் விமானங்கள் திரும்பின.

நீங்கள் போனால்

வழித்தடங்கள் மாறிக்கொண்டிருக்கும். டிக்கெட் எடுக்கும் முன் அட்டவணையைப் பார்த்துக்கொள்ளுங்கள். ‘சிங்கப்பூர்’ என்று மட்டும் பார்த்துவிட்டுச் சாங்கிக்கு டாக்சி பிடித்துவிடாதீர்கள். சிலேத்தாரின் குறியீடு எக்ஸ்எஸ்பி, சாங்கியினுடையது எஸ்ஐஎன். பக்கத்தில் எம்ஆர்டி நிலையம் இல்லை. ஹவ்காங்கிலிருந்து 102ஆம் எண் பேருந்து முனையம் வரை போகும்.

சாங்கியின் கடைத்தொகுதியையோ அருவியையோ எதிர்பார்க்க வேண்டாம். நீண்ட நடையும் கிடையாது. ஏரோபிரிட்ஜ் இல்லை, தரையிலிருந்து படியேறி விமானத்துக்குள் போக வேண்டும்.

சன்னல் இருக்கை கிடைத்து, விமானம் வடக்கிலிருந்து இறங்கினால் கீழே பாருங்கள். முதலில் பாசிர் கூடாங்கின் எண்ணெய்த் தொட்டிகளும் கப்பல்களும். பிறகு சில விநாடிக்கு வெறும் தண்ணீர். இடப்பக்கம் இருந்தால் தூரத்தில் புலாவ் உபினும் பொங்கோல் அடுக்குமாடிகளும் தெரியும். அடுத்து சக்கரம் தரையைத் தொடும் சத்தம்.